அளக்கும் முன் அழைத்தார்களா? நில எல்லைத் தகராறும் நியாயமான விசாரணையும்

நில அளவைக்குப் பயன்பட்ட கன்டர் சங்கிலியின் நீளம் 66 அடி. அதில் 100 லிங்க். ஒரு லிங்க் என்பது 7.92 அங்குலம், ஒரு சாணுக்கும் சற்றுக் குறைவு. ஆயிரம் சதுர லிங்க் சேர்ந்தால் ஒரு சென்ட். பத்துச் சங்கிலி நீளம், அதாவது 660 அடி ஓடுகிற ஒரு வரப்பு, நெடுகிலும் ஒரே ஒரு லிங்க் பக்கத்துக் காட்டுக்குள் தள்ளிப்போனால் ஒரு சென்ட் நிலம் கைமாறிவிடும். வருஷா வருஷம் வரப்பு வெட்டுகிற மண்வெட்டிக்கு அது பெரிய வேலையே இல்லை. அதே ஒரு லிங்க், 1:2000 அளவுத்திட்டத்தில் வரைந்த படத்தில் பத்தில் ஒரு மில்லிமீட்டர்தான். பேனாக் கோட்டின் தடிமனுக்குள்ளேயே அடங்கிப்போகும்.

இந்தக் கோட்டுத் தடிமனுக்காகத்தான் தமிழ்நாட்டு உரிமையியல் நீதிமன்றங்களில் அப்பா போட்ட வழக்கை மகன் நடத்துகிறார். அண்ணன் தம்பிக்குள் பேச்சு நின்றுபோகிறது. சில ஊர்களில் அரிவாள் வரைக்கும் போகிறது. இவற்றில் பலவற்றின் அடியில் ஒரு பொதுக் காரணம் இருக்கிறது: யாரோ ஒருவர் இல்லாத நேரத்தில் நிலம் அளக்கப்பட்டிருக்கும், அல்லது யாரோ ஒருவரைக் கேட்காமல் பதிவேடு திருத்தப்பட்டிருக்கும். எல்லை விஷயத்தில் இரு தரப்பையும் கேட்பது அளவு வேலையின் ஒரு பகுதி. அதைத் தவிர்த்துவிட்டால் எவ்வளவு நுட்பமான கருவியால் அளந்தாலும் பாதி வேலைதான் முடிந்திருக்கிறது என்பது என் கட்சி.

முதலில் புலப்படத்தைப் பார்ப்போம். எஃப்.எம்.பி. என்று சொன்னால்தான் தாலுகா அலுவலகத்தில் புரியும். ஒவ்வொரு சர்வே எண்ணுக்கும் ஒரு படம். புலத்தின் குறுக்கே ஒரு மூலைக் கல்லிலிருந்து இன்னொரு மூலைக் கல்லுக்கு ஜி-லைன் என்ற அடிக்கோடு போகும். எல்லை வளைகிற ஒவ்வோர் இடத்திலிருந்தும் அந்தக் கோட்டுக்குச் செங்குத்தாக ஓர் ஆஃப்செட். கோட்டின் வழியே இவ்வளவு, அங்கிருந்து வலமோ இடமோ இவ்வளவு என்று இரண்டு எண்கள் எழுதியிருக்கும். கல் தொலைந்துபோனால் இந்த எண்களை வைத்து அதன் இடத்தைத் திரும்பக் கண்டுபிடிக்கலாம். ஏற்பாடு அருமையானது. ஆனால் அதற்கு அசையாத இரண்டு கல்லாவது தரையில் வேண்டும். சர்வேயர் வந்து இறங்கியதும் முதலில் தேடுவது அவற்றைத்தான்.

தகராறு தொடங்குவதும் அங்கேதான். “இது பழைய கல்லு இல்ல சார், வாய்க்கால் தூர்வாரினப்ப ஜேசிபில பேந்து வந்ததை எடுத்துக் கொண்டாந்து நட்டது” என்பார் ஒருவர். “எங்கப்பா காலத்துலேருந்து இங்கதான் இருக்கு” என்பார் மற்றவர். இந்தக் கேள்விக்குக் கருவியிடம் பதில் கிடையாது. செயற்கைக்கோள் வழியே இடம் காணும் டி.ஜி.பி.எஸ். கருவி அந்தக் கல் நிற்கும் இடத்தைச் சென்டிமீட்டர் சுத்தமாகச் சொல்லும். அது எப்போது அங்கே வந்தது என்று சொல்லாது. சொல்லக்கூடியவர் பக்கத்துக் காட்டுக்காரர். அவர் வராத நாளில் அளந்தால், தவறான கல்லிலிருந்து மிகச் சரியாக அளந்துவிட்டுப் போக முடியும்.

ஆங்கிலேயர் ஆட்சி இதைப் புரிந்தே வைத்திருந்தது. ரயத்துவாரி முறையில் ஒவ்வொரு குடியானவரும் சர்க்காருக்கு நேராகத் தீர்வை கட்டுகிறவர். ஆகவே ஒவ்வொரு புலத்தின் எல்லையும் சர்க்காரின் வருமானக் கணக்காகிவிட்டது. சென்னை மாகாணத்தில் 1858இல் வருவாய் நில அளவைத் துறை அமைந்தது. இரண்டே ஆண்டில், 1860இல், எல்லைக் குறிகளை நிறுவவும் எல்லைத் தகராறுகளைத் தீர்க்கவும் தனிச்சட்டம் வந்துவிட்டது. 1897இல் அதைப் புதுக்கி எழுதினார்கள். பிறகு வந்த 1923ஆம் ஆண்டின் 8ஆவது சட்டம், நில அளவை மற்றும் எல்லைகள் சட்டம், இன்றும் நம்மிடம் அமலில் இருக்கிறது.

நூறாண்டு தாண்டிய அந்தச் சட்டத்தைப் பொறுமையாகப் படித்தால் ஒரு விஷயம் வியப்பூட்டும். அளவுக்கு முன் அதிகாரி வெளியிட வேண்டிய அறிவிப்பைப் பற்றி 6ஆம் பிரிவு பேசுகிறது. நிலத்திலோ எல்லையிலோ அக்கறையுள்ள எல்லாரும் நேரிலோ ஆள் மூலமோ வந்து, எல்லையைக் காட்டி, தங்களுக்குத் தெரிந்த விவரம் தர வேண்டும் என்று அழைப்பதே அதன் நோக்கம். வேடிக்கை பார்க்க வரச் சொல்லவில்லை. எல்லையைக் காட்ட வரச் சொல்கிறது. தகராறு இல்லாத எல்லையை 9ஆம் பிரிவின்படி அதிகாரி பதிவு செய்யலாம். தகராறு இருந்தால் 10ஆம் பிரிவின்படி விசாரித்து, காரணங்களை எழுத்தில் வைத்து முடிவு சொல்ல வேண்டும். இரண்டிலுமே, யாருடைய எல்லை பாதிக்கப்படுமோ அந்தப் பதிவுதாரருக்கு முடிவைத் தெரிவிக்க வேண்டும். அந்த அறிவிப்பு கையில் கிடைத்த நாளிலிருந்து 3 மாதத்துக்குள் மேல்முறையீடு. அளவு முடிந்ததாக 13ஆம் பிரிவின்படி அறிவிக்கை வந்துவிட்டால் எல்லை இறுதியாகிவிடும். அதற்குப் பிறகும் மனக்குறை உள்ளவர் 14ஆம் பிரிவின்படி 3 ஆண்டுக்குள் உரிமையியல் நீதிமன்றம் போகலாம். அழைப்பு, விசாரணை, காரணம், தெரிவிப்பு, மேல்முறையீடு, பிறகுதான் இறுதி என்ற வரிசை அது. நிர்வாகச் சட்டத்தில் இயற்கை நீதி என்று பின்னாளில் நம் நீதிமன்றங்கள் விரித்துச் சொன்னதெல்லாம் கல் நடும் சட்டத்தில் அப்போதே இருக்கிறது.

ஆனால் அதே 6ஆம் பிரிவில் ஓர் ஓட்டையும் இருக்கிறது. பொதுவாக வெளியிட்ட அறிவிப்பே அக்கறையுள்ள ஒவ்வொருவருக்கும் செல்லத்தக்க அறிவிப்பாகக் கொள்ளப்படும் என்கிறது. கிராமச் சாவடியில் ஒட்டினாலும் தண்டோரா போட்டாலும் ஊருக்கே தெரிந்துவிடும் என்ற காலத்தின் ஏற்பாடு. திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலை பார்ப்பவருக்கும் துபாயில் இருப்பவருக்கும் அது எட்டாது. எட்டாதபோது அவர் வரமாட்டார். வராதபோது ஆட்சேபணை இருக்காது. ஆட்சேபணை இல்லாத எல்லை, 9ஆம் பிரிவின் கணக்கில், தகராறு இல்லாத எல்லையாகிவிடும். ஒருவர் ஊரில் இல்லாததே அவருடைய சம்மதமாக மாறும் இடம் இது.

அறிவிப்பு பெறுகிற பதிவுதாரர் யார் என்பது இன்னொரு சிக்கல். பட்டாவில் பெயர் இருப்பவர்தான். எத்தனையோ பட்டாக்களில் அந்தப் பெயர் தாத்தாவுடையது. அவர் போய்ச் சேர்ந்து முப்பது ஆண்டு ஆகியிருக்கும். கூட்டுப் பட்டாவில் முதல் பெயருக்குரியவர் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டால் மற்ற பங்காளிகளுக்குச் சேதி போகும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. பெண் மக்களின் நிலை இன்னும் மோசம். தமிழ்நாடு 1989இலேயே இந்து வாரிசுரிமைச் சட்டத்தைத் திருத்தி, கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் பிறப்பால் பங்கு தந்தது. நாடு முழுவதற்கும் அது 2005இல் வந்தது. சட்டம் பங்கு தந்ததே தவிர, பட்டாவில் பெயர் தானாக ஏறிவிடவில்லை. அண்ணனும் பக்கத்து நிலத்துக்காரரும் கைகுலுக்கி எல்லையை ஒத்துக்கொண்டால், கட்டிக்கொடுத்த ஊரில் இருக்கும் தங்கைக்கு அவளுடைய பங்கு சுருங்கியதே தெரியாது.

இது இப்படி என்றால், யு.டி.ஆர். என்ற மூன்றெழுத்துக்கு ஒரு தனி வரலாறே எழுதலாம். 1979 முதல் 1987 வரை தமிழ்நாட்டில் நிலவுடைமைப் பதிவேடுகளை மேம்படுத்த நடந்த திட்டம் அது. பழைய பதிவேட்டை அனுபோகத்தோடு ஒப்பிட்டுப் புதுப்பிப்பது நல்ல நோக்கம்தான். நடந்தபோது ஒருவர் பெயர் இன்னொருவருடைய உட்பிரிவில் ஏறியது, விஸ்தீரணம் கூடிக் குறைந்தது, பட்டா நிலம் புறம்போக்கு என்று பதிவானது. நிலத்தில் உழுதவர்கள் பாட்டுக்கு உழுதுகொண்டிருந்தார்கள். வங்கிக் கடனுக்கோ கிரயத்துக்கோ போனபோதுதான், பதிவேட்டில் தாங்கள் இல்லை என்று தெரிந்தது. இன்றைக்கும் மாவட்ட வருவாய் அலுவலரிடம் யு.டி.ஆர். பிழைத் திருத்தம் கேட்டு மனுக்கள் போய்க்கொண்டிருக்கின்றன. பதிவேடு மாறும்போதே பாதிக்கப்படுபவரைக் கூப்பிட்டுக் கேட்டிருந்தால் ஒரு பிற்பகலில் தீர்ந்திருக்கக்கூடிய விஷயம் இரண்டு தலைமுறைக்கு நீண்டிருக்கிறது. அந்தத் திட்டத்தின் கடைசிக் காலத்தை ஒட்டி அமலுக்கு வந்த 1983ஆம் ஆண்டின் பட்டா பாஸ் புத்தகச் சட்டம், பதிவை மாற்றும் முன் சம்பந்தப்பட்டவர்கள் வாய்மொழியாகவோ எழுத்திலோ சொல்வதற்கு நியாயமான வாய்ப்புத் தர வேண்டும் என்கிறது.

நம் பழைய வழக்கம் இதைவிட மேல் என்று சொல்ல ஆசை வரும். சோழர் செப்பேடுகளில் ஓர் ஊரைத் தானம் கொடுக்கும்போது பெண் யானையை எல்லை நெடுக நடத்தி, கல்லும் கள்ளியும் நாட்டிய செய்தி வருகிறது. நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரத்துக்கு ராஜராஜன் ஆனைமங்கலத்தைக் கொடுத்ததைச் சொல்லும் செப்பேட்டில் 97 வேலிக்கு மேற்பட்ட நிலத்தின் நான்கு எல்லைகளும் வாய்க்கால், வழி, அடுத்த ஊர் என்று விலாவாரியாக இருக்கின்றன. அந்த வட்டாரத்துச் சபையாரான நாட்டார் கூடவே நடந்து, ஆவணத்தில் கையெழுத்தும் இட்டார்கள். பலர் பார்க்க எல்லை நடந்ததால் பின்னால் மறுப்பது கடினம். ஆனால் அந்தக் காலத் தானங்களிலேயே ‘குடிநீக்கி’ என்ற சொல்லும் வருகிறது. ஏற்கெனவே உழுதுகொண்டிருந்தவர்களை அகற்றிவிட்டுக் கொடுப்பது. யானைக்குப் பின்னால் நடந்தவர்கள் நாட்டார். நீக்கப்பட்ட குடிகளை யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. எல்லார் முன்னிலையிலும் செய்வது வேறு, பாதிக்கப்படுகிறவரைக் கேட்டுச் செய்வது வேறு.

கேட்காமல் செய்யக்கூடாது என்பதற்குச் சட்டக் கல்லூரிகளில் முதலில் சொல்லித்தரும் வழக்குகளில் ஒன்று 1863ஆம் ஆண்டின் கூப்பர் வழக்கு. அதுவும் ஒரு மனையைப் பற்றியதுதான். லண்டனில் வாண்ட்ஸ்வொர்த் பகுதியில் கூப்பர் என்பவர் முறைப்படி முன்னறிவிப்புத் தராமல் வீடு கட்டத் தொடங்கினார். இடிக்க அதிகாரமுள்ள வட்டார வாரியம் வந்து இடித்துவிட்டது. வாரியத்துக்குச் சட்டத்தில் அதிகாரம் இருந்தது. முதலில் கேட்க வேண்டும் என்று சட்டத்தில் ஒரு வரியும் இல்லை. சட்டமன்றம் எழுதாமல் விட்டதை நீதி நிரப்பிக்கொள்ளும் என்று சொல்லி, நீதிமன்றம் கூப்பர் பக்கம் தீர்ப்பளித்தது. ஆதாமைத் தண்டிக்கும் முன் கடவுளே அவனை விசாரித்தார் என்ற பழைய வாதத்தை நீதிபதி ஒருவர் எடுத்துக்காட்டினார். இந்தியாவில் 1967இல் பீனாபாணி தேய் வழக்கில் உச்ச நீதிமன்றம், நிர்வாக உத்தரவே ஆனாலும் ஒருவருடைய உரிமையைப் பாதிக்குமானால் இயற்கை நீதிக்குக் கட்டுப்பட்டது என்றது. அந்த வழக்கு ஓர் அரசு மருத்துவரின் பிறந்த தேதியைப் பற்றியது. இன்று தாசில்தார் உத்தரவை ரத்து செய்து மறுவிசாரணைக்கு அனுப்பும் எத்தனையோ தீர்ப்புகளின் முதுகெலும்பு அதுதான். 2024 மே மாதம் கொல்கத்தா மாநகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி மேலே போனது. 1978இல் அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து இறக்கி 300ஏ பிரிவில் வைக்கப்பட்ட சொத்துரிமைக்குள் ஏழு உரிமைகள் அடங்கியிருப்பதாகச் சொன்னது. அவற்றில் முதல் மூன்றும் அறிவிப்பு பெறுவது, கேட்கப்படுவது, காரணத்தோடு கூடிய முடிவைப் பெறுவது. பேசப்பட்டது நிலம் கையகப்படுத்தல்தான். ஆனால் ஒரு சென்ட் எல்லை நகர்வதும், இழப்பவரைப் பொறுத்தவரை, கையகப்படுத்தல்தான்.

பக்கத்து நிலத்துக்காரர் அரசாங்கமே ஆகிவிட்டால் என்ன செய்வது? பட்டா நிலத்தை ஒட்டி ஓடைப் புறம்போக்கோ ஏரியோ இருக்கிற லட்சக்கணக்கானவர்களின் கேள்வி இது. அளக்க வருகிறவர் எதிர்த்தரப்பின் ஊழியர், முடிவு சொல்கிறவரும் அவரே. தன் வழக்குக்குத் தானே நீதிபதியாக இருக்கக்கூடாது என்பது இயற்கை நீதியின் மறுபாதி. 1969இல் கிரைபக் வழக்கில், இந்திய வனப்பணித் தேர்வுக் குழுவில் ஒரு விண்ணப்பதாரரே உறுப்பினராக உட்கார்ந்திருந்தார் என்பதற்காக உச்ச நீதிமன்றம் தேர்வையே ரத்து செய்தது. தன் பெயர் பரிசீலனைக்கு வந்தபோது அவர் எழுந்து வெளியே போய்விட்டார் என்று சொல்லியும் நீதிமன்றம் ஏற்கவில்லை. புறம்போக்கு எல்லையில் அந்த அளவுகோலை அப்படியே வைக்க முடியாது. அரசைத் தவிர வேறு யாரும் அளக்க ஆளில்லை. முடியாது என்பதாலேயே, நில உரிமையாளரைக் கேட்பதும் காரணத்தை எழுதுவதும் அங்கே இரட்டிப்புக் கறாராக இருக்க வேண்டும். ஏரிகளை மீட்கத் தமிழ்நாடு 2007இல் தனிச்சட்டம் கொண்டுவந்தது. ஏரி மீட்கப்பட வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. சென்னை உயர் நீதிமன்றத்துக்கும் இல்லை, 2010இல் டி.எஸ். செந்தில்குமார் வழக்கில் அந்தச் சட்டம் செல்லும் என்றது. கூடவே, சம்பந்தப்பட்டவருக்கு அறிவிப்புக் கொடுத்து அவர் சொல்வதைப் பரிசீலித்த பிறகே வெளியேற்ற வேண்டும் என்றும் சேர்த்தது. ஏரியின் கரை எங்கே முடிகிறது என்பதே பல இடங்களில் தகராறு என்னும்போது, அந்தச் சேர்க்கை இல்லாமல் சட்டம் நிற்காது.

“கேட்டிருந்தாலும் இதேதான் முடிவு, அப்புறம் எதற்கு விசாரணை” என்று அதிகாரிகள் தரப்பில் ஒரு வாதம் உண்டு. அது வெறும் சோம்பல் வாதம் இல்லை. நீதிமன்றங்களிலும் அதற்கு இடம் கிடைத்திருக்கிறது. 1980இல் எஸ்.எல். கபூர் வழக்கில் உச்ச நீதிமன்றம், கேட்காமல் விட்டதே பாதிப்புத்தான், தனியாகப் பாதிப்பை நிரூபிக்க வேண்டாம் என்றது. பின்னால் வந்த தீர்ப்புகள், 2020ஆம் ஆண்டின் சுதிர் குமார் சிங் தீர்ப்பு உட்பட, சற்றுப் பின்வாங்கி, உண்மையிலேயே பாதிப்பு நேர்ந்ததா என்று பார்க்கச் சொல்கின்றன. ஒத்துக்கொண்ட உண்மைகளைச் சுற்றி நடக்கும் வழக்குகளுக்கு அது பொருந்தலாம். எல்லைத் தகராறில் ஒத்துக்கொண்ட உண்மை என்று எதுவும் கிடையாது. எந்தக் கல் பழையது என்பதே கேள்வி. கேட்டிருந்தால் முடிவு மாறியிருக்குமா என்பதைக் கேட்காமலே சொல்ல இங்கே யாராலும் முடியாது.

மக்கள் தரப்புத் தவறும் ஒன்று உண்டு. கோடு எங்கே என்பது ஒரு கேள்வி, பட்டா யார் பெயரில் என்பது இரண்டாவது, நிலம் யாருக்குச் சொந்தம் என்பது மூன்றாவது. முதலாவது நில அளவைக்காரருடையது, இரண்டாவது தாசில்தாருடையது, மூன்றாவது உரிமையியல் நீதிமன்றத்துக்கு மட்டுமே உரியது. மூன்றையும் சர்வேயரிடமே கேட்பது நம் வழக்கமாகிவிட்டது. கிடைத்த பதில் பிடிக்காதபோது ஆட்சியரின் குறைதீர் நாளில் மனு, பிறகு காவல் நிலையம். வருவாய் அதிகாரிகள் உரிமைமூலத்தைத் தீர்மானிக்கக் கூடாது, அப்படியொரு தகராறு எழுந்தால் உரிமையியல் நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2011இல் விஷ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் தெளிவாகவே சொல்லியிருக்கிறது. பன்னிரண்டு ஆண்டுக்கு மேல் எதிரிடை அனுபோகம் என்று ஒருவர் கிளப்பினால் அதைச் சங்கிலியால் அளக்க முடியாது.

நீதிமன்றத்தில் அளவு நடக்கும் விதம் வேறு. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 26ஆவது கட்டளை, 9ஆவது விதியின்படி வழக்கறிஞர் ஆணையர் ஒருவர் சர்வேயரோடு நிலத்துக்குப் போவார். இரு தரப்புக்கும் முன்கூட்டியே அறிவிப்புப் போகும். இரு தரப்பும் கையில் கிரயப் பத்திரத்தோடு நிற்கும். அவர் தரும் அறிக்கைக்கு ஆட்சேபணை போடலாம், ஆணையரையே குறுக்கு விசாரணை செய்யவும் நீதிமன்றத்தின் அனுமதி கேட்கலாம். எல்லைப் பிரச்சினையில் இப்படி ஆணையரை நியமிப்பதே சரியான வழி என்று 2008இல் ஹரியானா வக்ஃப் வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றமும் சொன்னது. தாமதம், செலவு எல்லாம் உண்மைதான். ஆனால் அங்கே தோற்றவருக்கும் தன் கல்லைக் காட்டிவிட்டுத் தோற்ற திருப்தி இருக்கும். தாலுகா அலுவலக அளவில் அந்த நடைமுறையில் பாதியைக் கொண்டுவருவதற்குப் புதிய சட்டம் எதுவும் தேவையில்லை. அளவு நாளைப் பக்கத்துப் பட்டாதாரர் அனைவருக்கும் அலைபேசியிலும் அனுப்புவது, அங்கே சொல்லப்பட்ட ஆட்சேபணையை ஒரு தாளில் எழுதி இருவரிடமும் கையெழுத்து வாங்குவது, எந்தக் கல்லிலிருந்து அளந்தார்கள் என்பதைப் படத்தில் குறிப்பது, நகலை அன்றே தருவது. இவற்றுக்கு அரசாணை ஒன்று போதும்.

அரசாணை வரும்போது வரட்டும். இதைப் படிக்கிறவர்கள் இந்த வாரமே தங்கள் குடும்ப நிலத்தின் பட்டாவை எடுத்துப் பாருங்கள். அதில் இறந்துபோனவர் பெயர் இருந்தால் வாரிசுச் சான்றிதழோடு பெயர் மாற்றத்துக்கு விண்ணப்பியுங்கள். அக்கா தங்கைகள் பெயரையும் சேர்த்தே எழுதுங்கள். அளவு அறிவிப்பு வந்தால் கட்டாயம் போங்கள், போக முடியாவிட்டால் வேறொரு தேதி கேட்டு எழுத்தில் கொடுத்து, பெற்றதற்கு முத்திரை வாங்குங்கள். எதையும் வாய்ச்சொல்லோடு விடாதீர்கள். 3 மாத மேல்முறையீட்டுக் கெடு, அறிவிப்பைக் கையெழுத்திட்டு வாங்கிய நாளிலிருந்து ஓடத் தொடங்கும்.